முறைப்பாட்டாளர் மன்றில் இல்லை

பேர்கன், நோர்வே
02.04.2025

உதயகலா அவர்களுக்கு,

‘அக்கா’ என்று எழுதவில்லை என்பதைக் கவனித்திருப்பீர்கள். என் அப்பாவை எதிரிக்கூண்டில் ஏற்றிய ஒருவரை அப்படிக் கூப்பிட எனக்கு மனம் வரவில்லை. வாட்ஸப்பில் என்னை மூடி வைத்திருக்கிறீர்கள். சாதாரணமாகப் போன் எடுத்தாலும் தூக்குகிறீர்களில்லை. அதனால்தான் கடிதம்.

மார்ச் இருபதாம் திகதி நீதவான் என் அப்பாவை விடுதலை செய்துவிட்டார். இனியாவது உங்கள் வாய் ஓயும் என்று நினைத்தேன். ஆனால், வழக்கைத் திரும்பத் திறக்கச் சொல்லி விண்ணப்பம் போட்டிருக்கிறீர்களாம். வெட்கம் என்று ஒன்று உங்களுக்கு இல்லையா?

என் கலியாணச் சாப்பாட்டுக்கான காசு முழுவதையும் சுபாங்கன்தான் இங்கிருந்து அப்பாவுக்கு அனுப்பியவர். ஒரு மாப்பிள்ளை செய்யத் தேவையில்லாத வேலை அது. அப்பா அதை எடுத்து உங்கள் கையில் ரொக்கமாகத் தந்தார். நீங்கள் என்ன செய்தீர்கள்? முதலே பிணைக்கு வாங்கி வைத்த செக்கைத் திருப்பிக் கொடுக்காமல் ஒளித்து வைத்து, பிறகு வங்கியில் போட்டு, ‘திரும்பி வந்துவிட்டது’ என்று வழக்கு வைத்தீர்கள். ஒரு சாப்பாட்டுக்கு இரண்டு தரம் காசு. முப்பத்தைந்து வருடம் வங்கியில் இருந்து முகாமையாளராக ஓய்வு பெற்றவர் என் அப்பா சோமசேகரம். சமையல் கிடாரம் கழுவுகிற உங்களுக்கு அவரோடு விளையாட எங்கிருந்து துணிச்சல் வந்தது?

கடைசியில் என்ன நடந்தது? அன்று மூன்று தரம் பெயர் கூப்பிட்டும் நீங்கள் மன்றில் இல்லை. அப்பாவுக்கு இது முதலே தெரியும். புதன்கிழமை பின்னேரம் என்னோடு கதைக்கும்போதே, “நாளையோடை உந்தச் சனியன் முடிஞ்சுது பிள்ளை. அவள் நாளைக்குக் கோட்டுப் பக்கம் வரமாட்டாள்” என்று சிரித்தார். பொய் வழக்குப் போட்டவளுக்குச் சாட்சிக்கூண்டில் ஏறப் பயம் இருக்கும் என்பதை அவர் கணித்திருக்கிறார். அடுத்த நாள் அப்படியே ஆனது.

இன்னொன்று. உங்கள் பாயாசம் வெறும் தண்ணீர் என்று என் மாமியார் இன்றைக்கும் சொல்கிறார்.

துஷாந்தினி சுபாங்கன்


அரியாலை
21.04.2025

திருமதி துஷாந்தினி சுபாங்கன் அவர்களுக்கு,

உம்மை ‘நீ’ என்று கூப்பிட்டுப் பழகியவள் நான். இரண்டு ஒழுங்கை தள்ளித்தானே உங்கள் வீடு. இந்தக் கடிதத்துக்கு ‘நீர்’ போதும்.

முதலில் பாயாசம். அறுநூறு பேர் என்று சொல்லிவிட்டு எழுநூற்று நாற்பது பேரைக் கொண்டுவந்து இருத்தினார் உமது அப்பா. கடைசிப் பந்திக்கு நானேதான் பாயாசத்தில் பால் விட்டு இளக்கினேன். உமது மாமியார் எந்தப் பந்தியில் இருந்தவ என்று கேட்டுப் பாரும்.

இனிக் காசு. முற்பணமாக ஒரு இலட்சம் தந்தார். அது உண்மை. மிச்சம் ஐந்து இலட்சத்து நாற்பதாயிரத்துக்குக் கலியாணத்தன்று பின்னேரம், மண்டபத்துக் குசினி வாசலில், மடியில் வைத்துச் செக் எழுதினார். “வங்கியிலை முப்பத்தைஞ்சு வருசம் இருந்தவன்ரை செக்கடி இது. காசை விடப் பத்திரம்” என்றார். நான் இரண்டு கையாலும் வாங்கினேன். வங்கியில் போட்டபோது ‘கணக்கு மூடப்பட்டது’ என்று திரும்பி வந்தது. கலியாணத்துக்கு நாலு மாதம் முதலே மூடிய கணக்கு.

கணக்கில் காசு இல்லாமல் போவது யாருக்கும் வரலாம். மூடிய கணக்கின் செக்புத்தகத்தைக் கிழித்தெறியாமல் பத்திரமாக வைத்திருந்து, ஒரு சமையற்காரிக்கு ஒரு தாளைக் கிழித்துக் கொடுக்க, வங்கி முகாமையாளராக இருந்த ஒருவருக்குத்தான் யோசனை வரும். ரொக்கமாகத் தந்தாராம். எந்த நாள், யாருக்கு முன்னால் என்று அவரிடம் கேட்டீரா?

வழக்கு வைத்து, மார்ச் இருபதுக்கு முதல் ஏழு தவணை. ஒரு தவணைக்கு அவருக்கு நெஞ்சுநோ. ஒரு தவணைக்கு அவருடைய சட்டத்தரணிக்கு வேறு ஊரில் வேலை. ஏழுக்கும் நான் போனேன். வந்த சமையல் ஓடர்களை விட்டுவிட்டுக் காலை எட்டரைக்கே வாசலில் நிற்பேன். எதிரி வராவிட்டால் மருத்துவச் சான்றிதழைப் பார்த்து இன்னொரு தவணை கொடுப்பார்கள். முறைப்பாட்டாளர் வராவிட்டால் எதிரிக்கு விடுதலை. அதுதான் சட்டம். ஆட்களை அலைக்கழிக்கவென்றே வழக்குப் போடுகிறவர்களும் இருக்கிறார்கள், அதற்காக வைத்தது என்று என் சட்டத்தரணி மயூரதன் சொன்னார். நான் சட்டத்தைக் குறை சொல்லவில்லை. ஆனால் அன்றைக்கு ஒரு சாட்சியும் ஏறவில்லை. செக்கை ஒருவரும் கையில் எடுத்துப் பார்க்கவில்லை. பெயரைக் கூப்பிட்டார்கள், நான் இல்லை, விடுதலை. உமது அப்பா நல்லவர் என்று யாரும் தீர்ப்பு எழுதவில்லை.

நான் ஏன் போகவில்லை? புதன்கிழமை பின்னேரம் மூன்று மணிக்கு ஒரு போன் வந்தது. மயூரதனின் கந்தோரிலிருந்து கதைப்பதாகவும், நீதவான் லீவு என்றும், அடுத்த மாதம் வந்தால் போதும் என்றும் சொன்னார்கள். அந்தக் கந்தோரிலிருந்து ஒருவரும் எடுக்கவில்லை என்பது அடுத்த நாள் பத்தரைக்குத்தான் எனக்குத் தெரியும். அதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது.

இனி உமது கடிதத்துக்கு வருகிறேன். அதை நாலு தரம் வாசித்தேன். நான் வியாழக்கிழமை போகப்போவதில்லை என்பது புதன்கிழமை இரண்டு பேருக்குத்தான் தெரியும். ஒன்று நான். மற்றது எனக்கு அந்தப் போனை எடுத்துக் கதைத்தவன். எனக்கே மூன்று மணிக்குத்தான் தெரிந்தது.

உமது அப்பாவுக்கு எப்படித் தெரிந்தது?

பதில் இருந்தால் எழுதும். போனில் எடுக்க வேண்டாம். போனை நம்பித்தான் ஒரு வழக்கைத் தொலைத்தேன்.

சி. உதயகலா


பேர்கன்
09.05.2025

உதயகலா அவர்களுக்கு,

அப்பாவைக் கேட்டேன். “அவளின்ரை லோயரின்ரை ஆக்கள் ஆரோ சொன்னவை” என்றார். கொஞ்சம் பொறுத்து, “எனக்கு மனசுக்குப் பட்டது பிள்ளை” என்றார். ஒரே போனில் இரண்டு பதில். வயது போனவர், தடுமாறியிருக்கலாம்.

இதனால் ஒன்றும் நிரூபணமாகிவிடவில்லை. நீங்களே ஆளை வைத்து இந்தப் போன் கதையைக் கட்டியிருக்கலாம் என்றும் நான் யோசிக்கிறேன். உண்மை என்றால், எடுத்தவன் யார், குரல் எப்படி, என்ன சொன்னான் என்று ஒன்றும் விடாமல் எழுதுங்கள். சொல்லுக்குச் சொல் எழுதுங்கள்.

உங்கள் கடிதங்களைச் சுபாங்கன் பார்க்கவில்லை. வேலைக்குப் போகும்போது நானே தபால்பெட்டியைத் திறக்கிறேன்.

மாமியார் கடைசிப் பந்தியில்தான் இருந்தவவாம்.

துஷாந்தினி


அரியாலை
26.05.2025

திருமதி துஷாந்தினிக்கு,

நான் ஆள் வைத்துக் கதை கட்டினேனா? அதற்குச் செலவழிக்க என்னிடம் காசு இருந்தால் உமது அப்பாவின் வாசலில் நான் ஏன் நிற்கப்போகிறேன்?

சொல்லுக்குச் சொல் கேட்டீர். இந்தாரும்.

இளந்தாரிக் குரல். “அன்ரி, நான் மயூரன் சேரின்ரை ஒபிசிலையிருந்து கதைக்கிறன். நாளைக்கு ஐயா லீவு, வழக்கு ஒண்டும் எடுக்கமாட்டினம். ஏப்ரல் பத்துக்கு வாங்கோ, சரியோ, சரியோ” என்றான். மயூரதன் என்பதற்கு மயூரன் என்றான். அதை நான் அந்த நேரமே பிடித்திருக்க வேண்டும். “நீங்கள் ஆர் தம்பி?” என்று கேட்டேன். “புதுசா வந்த கிளாக் அன்ரி. நீங்கள் ஒண்டுக்கும் யோசியாதேங்கோ, சரியோ, சரியோ.” பின்னால் ஒரு பொம்பிளை, “தம்பி, நூறுக்கு றீலோட் போட்டு விடும்” என்று கேட்டது எனக்கு வடிவாகக் கேட்டது. சட்டத்தரணியின் கந்தோரில் வந்து போனுக்கு றீலோட் கேட்பார்களா என்று பிறகுதான் யோசித்தேன். அந்த இலக்கம் அன்று பின்னேரத்தோடு வேலை செய்யவில்லை.

வியாழக்கிழமை சாவகச்சேரியில் ஒரு செத்தவீட்டு அந்தியேட்டிச் சமையல். முதலில் தவணைக்காக மறுத்த ஓடர், அந்த வீட்டுக்குக் காரணம் சொல்லவில்லை. போன் வந்தபிறகு நானே எடுத்துக் கேட்டுத் திரும்ப வாங்கினேன். பத்தரை போல மயூரதன் எடுத்தார்.

“அக்கா, எங்கை நிக்கிறியள்?”

“சாவகச்சேரியிலை, சமையலிலை. ஏன் தம்பி?”

“விளையாடுறியளோ? இப்பதான் உங்கடை பேரைக் கூப்பிட்டு எதிரியை விட்டிட்டினம்.”

அடுப்பை அப்படியே செபஸ்தியம்மாவின் கையில் விட்டுவிட்டு ஓட்டோவில் ஏறினேன். செபஸ்தியம்மா குருநகர்க்காரி, பன்னிரண்டு வருடம் என்னோடு நிற்பவள். கையில் மஞ்சளோடு போய் இறங்கும்போது பதினொன்றேகால். உமது அப்பா வெள்ளை வேட்டியோடு கோட்டுப் படியில் நின்று இரண்டு பேரோடு சிரித்துக்கொண்டிருந்தார். என்னைக் கண்டதும் சொன்னார்: “நேரத்துக்கு வரோணும் உதயகலா. வங்கியும் கோடும் ஒண்டு. கதவு பூட்டினாப் பிறகு தட்டிப் பிரயோசனமில்லை.”

பொய்ப் போன் எடுப்பித்து ஒரு பெண்ணை வீட்டில் நிறுத்திவிட்டு, அவளுக்கே நேரம் தவறாமை பற்றிப் பாடம் எடுக்கிற மனுசன் அவர். நான் எத்தனையோ மோசமான ஆட்களுக்குச் சமைத்துப் போட்டிருக்கிறேன். இப்படி ஒருவருக்குப் போட்டதில்லை.

உமது கலியாணத்துக்கு வேலை செய்த நாலு பெண்களுக்கும் சம்பளம் கொடுத்தது என் வளையலை அடகு வைத்து. அது இன்றைக்கும் அடகில்தான் இருக்கிறது.

சி. உதயகலா


பேர்கன்
12.06.2025

கலா அக்கா,

‘சரியோ, சரியோ’ என்பதை நான் வாய்விட்டு வாசித்துப் பார்த்தேன். அப்படிக் கதைக்கிறவன் எங்கள் மாமி மகன் சுரேஸ். பட்டணத்தில் போன்கடை வைத்திருக்கிறான்.

அவனிடம் விளையாட்டாகக் கேட்கிற மாதிரி வாட்ஸப்பில் கேட்டேன். ஒரு நிமிடம்கூட யோசிக்கவில்லை. குரற்பதிவாகவே பதில் அனுப்பினான். “மாமா கேட்டவர் மச்சாள். ஒரு கோல்தானே எண்டு எடுத்தன். அந்த அன்ரி நம்பிட்டா. விசயம் சரிவந்திட்டுதாமே, எனக்குப் பார்ட்டி எப்ப?” என்று சிரிக்கிறான். அந்தச் சிரிப்பை மூன்று தரம் போட்டுக் கேட்டேன். பிறகு வேலைக்குப் போய்விட்டேன். இங்கே வயோதிபர் இல்லத்தில் வேலை.

சுபாங்கன் காசு அனுப்பிய ரசீதுத் துண்டையும் தேடி எடுத்தேன். கலியாணத்துக்கு இருபது நாளுக்கு முதல் அனுப்பியிருக்கிறார். அந்தக் காசு எங்கே என்று அப்பாவிடம் நேரே கேட்டேன். “கலியாணம் எண்டா செலவு ஒண்டோ ரெண்டோ?” என்றார். எனக்குத் தெரிந்த செலவு ஒன்றுதான். கலியாணத்துக்கு முதல் மேல்மாடிக்கு மாபிள் கல் பதித்தார். படம் எடுத்து எனக்கு அனுப்பியும் இருந்தார். நான் ‘வடிவாயிருக்கு அப்பா’ என்று பதில் போட்டேன்.

எனக்கு இப்போது ஆறாம் மாதம். அப்பாவின் இந்த வேலை மாமியாருக்குத் தெரிந்தால் இந்த வீட்டில் நான் எப்படி இருப்பேன் என்று நீங்களே யோசியுங்கள்.

என் சம்பளத்தில் சேர்த்து வைத்த காசை உங்கள் பெயருக்கு அனுப்பியிருக்கிறேன். செக்கில் இருந்த தொகை முழுவதும். இந்தத் தாளின் பின்பக்கம் எழுதியிருக்கிற இலக்கத்தையும் உங்கள் அடையாள அட்டையையும் வங்கிக்குக் கொண்டுபோனால் எடுக்கலாம். வளையலை மீட்டுவிடுங்கள். நான் கேட்பது ஒன்றுதான். அந்த விண்ணப்பத்தைத் திரும்பப் பெற்றுக்கொள்ளுங்கள். அப்பாவுக்கு அறுபத்தெட்டு வயது. அவர் திரும்பக் கூண்டில் ஏற வேண்டாம்.

துஷா


அரியாலை
25.06.2025

திருமதி துஷாந்தினிக்கு,

‘அக்கா’ திரும்பி வந்துவிட்டது. காசோடு சேர்ந்து வந்திருக்கிறது.

அந்த இலக்கத்தை நான் ஒரு இடத்துக்கும் கொண்டுபோகவில்லை. எடுக்காவிட்டால் உமக்கே திரும்பி வருமாம், விசாரித்தேன். பெருந்தன்மை என்று நினைக்க வேண்டாம். அந்தக் காசு எனக்குத் தேவை. இரண்டு இரவு நித்திரையில்லாமல் யோசித்துத்தான் விட்டேன்.

உமது அப்பா மருமகனின் காசை ஒரு தரம் விழுங்கியாயிற்று. இப்போது நீர் அங்கே கிழவர் கிழவிகளைத் தூக்கிக் குளிப்பாட்டிச் சேர்த்ததையும் அவருடைய கடனுக்குக் கட்டினால், இரண்டாந் தரமும் விழுங்குகிறார். அவருக்கு ஒரு சதம் செலவில்லை. மேல்மாடி மாபிளில் கால் நீட்டிக்கொண்டு இருப்பார். அதற்கு நான் உடந்தையா?

இன்னொன்று உமக்குத் தெரியாது. விடுதலையான அடுத்த வெள்ளி உமது அப்பா கோயிலில் பொங்கல் வைத்தார். ‘கள்ள வழக்கு, கோடே தள்ளிவிட்டது’ என்று வந்தவர்கள் எல்லாருக்கும் சொல்லிச் சொல்லிப் பொங்கலைக் கொடுத்தார். அதற்குப் பிறகு எனக்கு வந்திருந்த மூன்று கலியாண ஓடர் கையை விட்டுப் போனது. ஒரு வீட்டில் நேரேயே சொன்னார்கள்: “குறை நினையாதேங்கோ, நாளைக்கு எங்களையும் கோட்டுக்கு இழுத்தா?” உமது காசில் வளையல் வரும். போன ஓடர் வராது. நான் பொய்காரி இல்லை என்று மன்றில் சொல்லப்பட வேண்டும். அதை நீர் அனுப்புகிற காசால் வாங்க முடியாது.

ஜூலை பதினேழு விசாரணை. முறைப்பாட்டாளர் வராததற்கு அவருடைய கையை மீறிய காரணம் இருந்தால், நீதவான் அந்த விடுதலையை நீக்கலாம் என்று மயூரதன் சொல்கிறார். என்னிடம் இருப்பது செத்துப்போன ஒரு போன் இலக்கம் மட்டும். உம்மிடம் சுரேஸின் குரல் இருக்கிறது. புதன்கிழமையே உமது அப்பா என்ன சொன்னார் என்பதும் உமக்குத் தெரியும். அதைச் சத்தியக் கடதாசியாக எழுதித் தந்தால் போதுமாம்.

தருவதும் விடுவதும் உமது விருப்பம். நான் கெஞ்சமாட்டேன். கெஞ்சுவதற்கு உங்கள் குடும்பத்தில் ஒருவரிலாவது எனக்குக் கொஞ்சம் மதிப்பு மிஞ்சியிருக்க வேண்டும்.

சி. உதயகலா


பேர்கன்
07.07.2025

உதயகலா அவர்களுக்கு,

இந்தக் கடிதம் கூரியரில் வருகிறது. உள்ளே சத்தியக் கடதாசி இருக்கிறது. ஒஸ்லோவில் இலங்கைத் தூதரகத்தில் ஒப்பமிட்டது. சுரேஸின் குரற்பதிவை மயூரதனுக்கு மின்னஞ்சலில் அனுப்பிவிட்டேன்.

உங்களுக்காகச் செய்தேன் என்று நினைக்க வேண்டாம். உங்களை எனக்கு இன்றைக்கும் பிடிக்கவில்லை. கடைசிக் கடிதத்தின் கடைசி வரிக்காக உங்களை ஒருநாளும் மன்னிக்கமாட்டேன். ஆனாலும் நீங்கள் எழுதியதில் ஒரு பொய்யைத் தேடிப் பார்த்தேன். கிடைக்கவில்லை.

அப்பாவிடம் கடைசியாக ஒரு தரம் கேட்டுப் பார்த்தேன். ‘நீங்களே அந்தக் காசைக் கட்டிவிடுங்கள், நான் ஒருவருக்கும் ஒன்றும் சொல்லமாட்டேன்’ என்றேன். கட்டியிருந்தால் இந்தக் கடிதம் உங்களுக்கு வந்திருக்காது. அவர் என்ன சொன்னார் தெரியுமா? “கட்டவேண்டிய தேவையில்லை. நீ ஒரு கடிதம் எழுதித் தா. புதன்கிழமை அவளே உனக்குப் போன் எடுத்து, வழக்குக்கு வரமாட்டன் எண்டு சொன்னவள் எண்டு எழுது. ஆரும் சந்தேகப்பட்டா வயித்துப் பிள்ளையிலை சத்தியம் பண்ணு. அதுக்கு மேலை ஒருத்தரும் கேக்கமாட்டினம்.”

செக்புத்தகத்தில் ஒரு தாளைக் கிழிக்கிற மாதிரி என் பிள்ளையைக் கேட்டார். நான் போனை வைத்துவிட்டேன்.

அன்று பின்னேரம் சுபாங்கனுக்கு எல்லாம் சொன்னேன். ஏசுவார் என்று நினைத்தேன். “காசு போனாப் போகட்டும். உன்ரை அப்பா அண்டைக்குப் பந்தியிலை என்னைக் கட்டிப்பிடிச்சு, ‘எல்லாச் செலவும் என்ரை’ எண்டு எங்கடை ஆக்களுக்குச் சொன்னவர். நானும் தலையாட்டினனான். என்னைப் போலை விசரன் ஆர்?” என்றார். அடுத்த நாள் லீவு போட்டு என்னோடு ரயிலில் ஒஸ்லோவுக்கு வந்தார். ஏழு மணித்தியாலம். மாமியாருக்கும் அவரே சொன்னார். அன்றிலிருந்து அவ தன் தேநீரைத் தானே ஊற்றிக் குடிக்கிறா. அது இன்னும் கஷ்டமாக இருக்கிறது.

அப்பா எப்படி நின்றார், என்ன சொன்னார் என்று பிறகு எழுதுங்கள். என்னைப் பற்றிச் சொன்னதையும் எழுதுங்கள். எனக்கு நோகும் என்று ஒன்றையும் மறைக்க வேண்டாம். அப்படி மறைக்கிற ஆள் நீங்கள் இல்லை என்பது தெரியும்.

துஷாந்தினி


அரியாலை
03.08.2025

துஷாந்தினிக்கு,

வழக்கு முடிந்தது. நடந்தபடியே எழுதுகிறேன்.

பதினேழாம் திகதி நான் காலை ஏழரைக்கே போய்விட்டேன். செபஸ்தியம்மாவும் வந்தாள். பெயர் கூப்பிட்டபோது எழும்பி நின்றேன். நீதவான் உமது கடதாசியை முதலில் தனக்குள் வாசித்தார். பிறகு சுரேஸின் குரலைப் போடச் சொன்னார். அந்தப் ‘பார்ட்டி எப்ப?’ என்கிற சிரிப்பு மன்று முழுக்கக் கேட்டது. உமது அப்பாவின் சட்டத்தரணி எழும்பி, மகளுக்கும் தகப்பனுக்கும் சீதனப் பிரச்சினை, கோபத்தில் எழுதியிருக்கிறார் என்றார். நீதவான், “அப்படியென்றால் புதன்கிழமை போன் எடுத்த இளைஞருக்கும் சீதனப் பிரச்சினையா?” என்று கேட்டார். சட்டத்தரணி கதிரையில் இருந்துவிட்டார்.

விடுதலைக் கட்டளை நீக்கப்பட்டது. நான் வராதது என் பிழையில்லை என்றும், என்னை ஏமாற்றித்தான் மன்றுக்கு வராமல் பண்ணியிருக்கிறார்கள் என்றும் நீதவான் வாயாலேயே சொன்னார். அரியாலை ஆட்கள் ஆறேழு பேர் வேறு வழக்குகளுக்கு வந்திருந்தார்கள். அவர்களில் ஒருத்தி, குறை நினைக்க வேண்டாம் என்று சொல்லி ஓடரை நிறுத்திய வீட்டுக்காரி. நான் அவவைத் திரும்பிப் பார்க்கவில்லை. அவ என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தவ.

அடுத்ததாகப் பொய்ப் போன் விசயம் பொலிசுக்குப் போகும் என்று யாரோ உமது அப்பாவுக்குச் சொல்லியிருக்க வேண்டும். அரை மணித்தியாலத்துக்குள் சமாதானம் பேச வந்தார்கள். செக் சாப்பாட்டுக்குக் கொடுத்தது என்றும், முற்பணத்தை விட ரொக்கமாக ஒன்றும் கொடுக்கவில்லை என்றும் உமது அப்பா கூண்டில் நின்று சொன்னால் மட்டும்தான் சமாதானம் என்றேன். சொன்னார். சத்தம் வரவில்லை. “விளங்கவில்லை, திரும்பச் சொல்லுங்கள்” என்றார் நீதவான். திரும்பவும் சொன்னார்.

முப்பத்தோராம் திகதி முழுத் தொகையையும் காசாகக் கொண்டுவந்து கட்டினார். மேல்மாடியோடு வீட்டை ஈடு வைத்து எடுத்ததாம். நான் வழக்கை மீளப் பெற்றேன். அப்படி மீளப் பெற்றாலும் எதிரிக்கு விடுதலை என்றுதான் பதிவார்களாம். ஆகவே உமது அப்பா இப்போது இரண்டு தரம் விடுதலையானவர். அதையும் கோயிலில் சொல்லிக்கொண்டு திரிகிறார் என்று கேள்வி. சொல்லட்டும். இந்த முறை பொங்கல் வாங்க ஆட்கள் குறைவு.

வளையலை மீட்டுவிட்டேன். ஒரு ஓடர் வந்திருக்கிறது, தெல்லிப்பழையில் ஒரு பூப்புனித நீராட்டு விழா. சின்ன ஓடர்தான்.

உமது பிரசவத்துக்குப் பத்தியச் சரக்குத்தூள் இடித்து இதோடு அனுப்புகிறேன். அந்த நாட்டில் உமக்கு அது கிடையாது. விலை பைக்குள் எழுதியிருக்கிறது. காசைப் பிறகு அனுப்பினாலும் பரவாயில்லை. சோமசேகரத்தாரின் மகள் என்றாலும் உம்மை நம்பலாம் என்று இப்போது நினைக்கிறேன்.

இனி நீர் கேட்டது. உம்மைப் பற்றி அவர் மன்றுக்குள் ஒன்றும் சொல்லவில்லை. காசு கட்டிய அன்று வெளியில் வந்தபிறகு, படியில் நின்று, நாலு பேர் கேட்கச் சொன்னார்: “இப்ப சந்தோசமோ? பெத்த பிள்ளையை எனக்கு எதிராத் திருப்பிப் போட்டாய். இனி எனக்கு மகள் எண்டு ஒருத்தி இல்லை. எனக்குப் பிள்ளையே பிறக்கேல்லை.”

இவ்வளவு காலமும் அந்த ஆளுக்கு முகத்துக்கு நேரே நான் ஒன்றும் சொன்னதில்லை. அன்றைக்குக் கேட்டேன்.

“அப்ப அண்டைக்கு நான் ஆரின்ரை மகளின்ரை கலியாணத்துக்குச் சமைச்சனான்?”

படியில் காவலுக்கு நின்ற பொலிஸ்காரர் முகத்தை மற்றப் பக்கம் திருப்பிக்கொண்டார். அவருடைய தோள் குலுங்கியது. உமது அப்பா வேட்டியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு படியிறங்கிப் போனார். தன்னைக் கூட்டிப்போகச் சுரேஸ் நிற்கிறானா என்று வாசலில் தேடினார். அவன் வரவில்லை. வெயிலில் நடந்தே போனார்.

சி. உதயகலா